திக்கிப் பேசிய ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸுக்கு அந்தக் குரல் எங்கிருந்து வந்தது?

'ஸ்டார் வார்ஸ் படத்தில் டார்த் வேடருக்குக் குரல் கொடுத்த ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸ் சின்ன வயதில் பேசவே மாட்டாராமே, உண்மையா? அவர் நடிகரா, குரல் கலைஞர் மட்டும்தானா? அந்தக் குரல் மெஷினில் செய்ததா?' இதுதான் கேள்வி. அதன் கீழே, தனக்கும் பேச்சு திக்கும், வயது 22, டப்பிங்கில் முயற்சி செய்து பார்க்கலாமா என்று ஒரு வரி. மேலே இருக்கும் மூன்றுக்கும் பதில் சொல்லலாம். ஆனால் இந்தத் தம்பி உண்மையில் கேட்க வந்தது கடைசி வரியைத்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. நல்ல குரல் பிறக்கும்போதே தொண்டையில் வைத்து அனுப்பப்படுகிறதா, அல்லது நாமாக வளர்த்துக்கொள்ள முடியுமா? அதை மனதில் வைத்தே எழுதுகிறேன்.

நான் சென்னையில் 24 வருடமாக டப்பிங் பேசுகிறேன். கூட்டக் குரலில், அதாவது கூட்டமாக நிற்பவர்களுக்குப் பேசுவதில் ஆரம்பித்து, சின்னப் பையன்களுக்கும் அம்மா வேடங்களுக்கும் பேசி, கடந்த சில வருடங்களாக ஆங்கிலப் படங்களுக்குத் தமிழ் வசனம் எழுதி மற்றவர்களைப் பேச வைக்கிறேன். அதனால் மைக் முன்னால் நடப்பதைப் பற்றித் தைரியமாகச் சொல்வேன். திக்குவதற்கான சிகிச்சையைப் பற்றிச் சொல்ல எனக்குத் தகுதி இல்லை, அது வேறு படிப்பு. ஜோன்ஸின் மேடை நாடகங்களை நான் நேரில் பார்த்ததும் இல்லை. படங்கள், ஒளிப்பதிவுகள், பேட்டிகள் வழியாகத்தான் அவரைத் தெரியும். ஆனால் அவற்றைத் தொழில் கற்கும் மாணவி மாதிரி திரும்பத் திரும்பக் கேட்டிருக்கிறேன்.

சின்ன வயதில் பேசாதிருந்தது உண்மைதான். 1931 ஜனவரி 17 அன்று மிசிசிப்பி மாநிலத்தில் அர்கபட்லா என்ற சின்ன ஊரில் பிறந்தார். அப்பா ராபர்ட் ஏர்ல் ஜோன்ஸ் குத்துச்சண்டை வீரர், பிறகு நடிகர். மகன் பிறந்த சமயத்திலேயே குடும்பத்தை விட்டுப் போய்விட்டார். அம்மாவின் பெற்றோர்தான் பையனை வளர்த்தார்கள். அவனுக்கு ஐந்து வயதாகும்போது அவர்கள் தெற்கை விட்டு வடக்கே மிச்சிகனில் ஒரு பண்ணைக்குக் குடிபெயர்ந்தார்கள். அந்த இடமாற்றத்துக்குப் பிறகுதான் பேச்சு திக்க ஆரம்பித்தது. பள்ளியில் பிள்ளைகள் சிரித்தார்கள். பையன் வாயை மூடிக்கொண்டான். சுமார் எட்டு வருடம் வெளியாட்களோடு பேச்சே இல்லை. வீட்டில் ஒன்றிரண்டு வார்த்தை, மற்றபடி பண்ணையில் இருந்த ஆடுமாடுகளோடுதான் பேச்சு. பள்ளியில் பதில்களை எழுதியே காட்டினான்.

உயர்நிலைப் பள்ளியில் டொனால்டு க்ரௌச் என்று ஓர் ஆங்கில ஆசிரியர். இந்தப் பையன் ரகசியமாகக் கவிதை எழுதுவதை அவர் கண்டுபிடித்தார். கிரேப்ஃப்ரூட் பழத்தைப் பற்றி, அதாவது நம்மூர் பம்பளிமாஸுக்கு உறவான பழத்தைப் பற்றி, ஜோன்ஸ் ஒரு கவிதை எழுதிக் கொடுத்தார். 'நன்றாக இருக்கிறது, நீதான் எழுதினாய் என்பதற்கு என்ன அத்தாட்சி? பார்க்காமல் வகுப்பின் முன்னால் சொல்லிக்காட்டு' என்கிற மாதிரி ஆசிரியர் சவால் விட்டார். பையன் எழுந்து நின்று சொன்னான். ஒரு இடத்திலும் திக்கவில்லை. இதைப் பின்னாளில் பல பேட்டிகளில் அவரே சொல்லியிருக்கிறார்.

இங்கே ஒன்றைப் பிரித்துச் சொல்ல வேண்டும். அன்றோடு திக்கு குணமாகிவிட்டது என்று நிறைய பேர் எழுதுகிறார்கள். அது சரியல்ல. கடைசிவரை தான் திக்குபவன்தான் என்று ஜோன்ஸ் சொல்லிவந்தார். சாதாரணப் பேச்சில் எந்த வார்த்தை சிக்கும் என்று முன்கூட்டியே பார்த்து, வேறு வார்த்தையைத் தேர்ந்தெடுத்துப் பேசப் பழகிக்கொண்டார். அவருடைய பேட்டி ஏதாவது கிடைத்தால் கேளுங்கள். வாக்கியத்துக்கு நடுவில் ஒரு நிதானம் வரும், அடுத்த சொல் கொஞ்சம் தாமதமாக, ஆனால் முழுசாக இறங்கும். பலர் அதைக் கம்பீரம் என்கிறார்கள். என் காதுக்கு அது ஒரு மனிதர் அடுத்த படியில் கால் வைக்கும் முன் படி இருக்கிறதா என்று பார்த்துக்கொள்வது மாதிரி கேட்கிறது. கம்பீரமும் அதிலிருந்துதான் வந்தது என்று நினைக்கிறேன். இது என் ஊகம்தான்.

திக்குபவர்களில் பலருக்குப் பாடும்போது திக்காது, நாலு பேரோடு சேர்ந்து ஒரே வரியைச் சொல்லும்போதும் திக்காது என்பது ஆராய்ச்சியாளர்கள் நெடுங்காலமாகக் கவனித்துவரும் விஷயம். மனப்பாடம் செய்த வரியும், வேறொருவராக நடிப்பதும் பலருக்கு இதேபோல் உதவுகிறது. இவ்வளவும் உறுதி. ஏன் அப்படி என்பதில் இன்னும் பேச்சு ஓடிக்கொண்டிருக்கிறது. சொல்லைத் தொடங்கும் நேரத்தை மூளை தானே தீர்மானிக்க வேண்டியிருக்கும்போது சிக்கல் வருகிறது, தாளமோ அடுத்தவர் குரலோ அந்த நேரத்தை வெளியிலிருந்து கொடுத்துவிட்டால் சிக்கல் குறைகிறது என்பது பலர் ஏற்கும் ஒரு விளக்கம். எல்லோருக்கும் ஒரே அளவில் இது வேலை செய்யாது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

சரி, நடிகரா குரல் கலைஞரா என்ற கேள்விக்கு வருகிறேன். நம்மூரில் அவரை ஒரு குரலாக மட்டும் தெரிந்துவைத்திருக்கிறோம், அது பெரிய இழப்பு. அவர் முதலும் கடைசியும் மேடை நடிகர். மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் மருத்துவம் படிக்கும் எண்ணத்தில் சேர்ந்து, நாடகத்துக்கு மாறினார். ராணுவத்திலும் அதிகாரியாக இருந்தார். மனிஸ்டீ என்ற ஊரின் ராம்ஸ்டெல் அரங்கில் தச்சு வேலையிலிருந்து மேடை நிர்வாகம் வரை பார்த்தார். பிறகு நியூயார்க் போய், பயிற்சி எடுத்துக்கொண்டே துப்புரவு வேலை செய்து வயிற்றைக் கழுவினார். 1960களில் நாடகத் தயாரிப்பாளர் ஜோசப் பாப் நடத்திய இலவச ஷேக்ஸ்பியர் நாடகங்களில் தொடர்ந்து நடித்தார். 1962ல் சென்ட்ரல் பார்க்கில் 'வெனிஸ் வணிகன்' நாடகத்தில் மொராக்கோ இளவரசனாக நின்றபோது, ஷைலக்காக நடித்த ஜார்ஜ் சி. ஸ்காட்டைப் பார்க்க வந்த இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக், இவரையும் சேர்த்துத் தன் படத்துக்கு எடுத்துக்கொண்டார். 1964ல் வந்த 'டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்' படத்தில் குண்டுவீச்சு விமானத்தில் இருக்கும் லெப்டினன்ட் ஸாக் அவர்தான். அதுதான் முதல் சினிமா.

பெயர் வந்தது அடுத்து. உலக ஹெவிவெயிட் பட்டம் வென்ற முதல் கறுப்பின வீரர் ஜாக் ஜான்சனின் வாழ்க்கையை ஒட்டி ஹோவர்டு சாக்லர் எழுதிய 'தி கிரேட் வைட் ஹோப்' நாடகத்தில், தலையை மழித்துக்கொண்டு அந்த வீரராக நடித்தார். அதற்கு 1969ல், அமெரிக்க மேடை நாடகத்துக்கான டோனி விருது கிடைத்தது. அது 1970ல் படமானபோது சிறந்த நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரையும் வந்தது. சிட்னி பாய்ட்டியருக்குப் பிறகு அந்தப் பிரிவில் பரிந்துரை பெற்ற இரண்டாவது கறுப்பின நடிகர் அவர். ஆக, டார்த் வேடருக்காக அவரைக் கூப்பிட்டபோது அவர் ஏற்கெனவே ஒரு பெரிய நடிகர். குரலுக்காக வந்து பிறகு நடிகர் ஆனவர் இல்லை.

வேடர் விஷயத்தைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன், ஏனென்றால் இது என் தொழில். ஸ்டார் வார்ஸ் படங்களின் முகமூடி வில்லனான வேடரின் கறுப்பு உடைக்குள் நடித்தவர் டேவிட் பிரௌஸ். இங்கிலாந்தின் பிரிஸ்டல் பக்கத்து ஆள், பளு தூக்கும் வீரர். படப்பிடிப்பில் முகமூடிக்குள்ளிருந்து அவரே வசனத்தைப் பேசினார். அந்தப் பேச்சு பாத்திரத்துக்குப் பொருந்தவில்லை என்று இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ் வேறு குரல் தேடினார். ஆக, ஜோன்ஸ் செய்தது சுத்தமான டப்பிங். படம் எடுத்து முடித்தாயிற்று, ஆள் அசைந்து முடித்தாயிற்று, அந்த அசைவுக்குள் போய் உட்கார வேண்டும். சுமார் இரண்டரை மணி நேரத்தில் முடித்தேன், 7,000 டாலர் கிடைத்தது என்று அவரே சொல்லியிருக்கிறார். 1977ல் வந்த முதல் படத்திலும் 1980ல் வந்த இரண்டாவது படத்திலும் அவர் பெயர் திரையில் கிடையாது. அது அவரே வேண்டாம் என்றது. உடம்பு பிரௌஸுடையது, நான் அதில் ஒரு ஸ்பெஷல் எஃபெக்ட் மட்டும்தான் என்றார். 1983ல் வந்த மூன்றாவது படத்தில்தான் பெயர் போட்டார்கள்.

எங்கள் வேலையில் முதல் எதிரி உதடு. திரையில் ஆள் 'ஸ்டாப்' என்று சொன்னால் கடைசியில் உதடு மூடும். அதற்கு 'நிறுத்து' என்று எழுதிக் கொடுத்தால், அர்த்தம் சரி, ஆனால் உதடு மூடுகிற இடத்தில் வாய் திறந்திருக்கும். பார்ப்பவருக்குக் காரணம் தெரியாது, ஏதோ ஒட்டவில்லை என்று மட்டும் தோன்றும். அங்கே 'வேணாம்' என்று போட்டால் 'ம்' வந்து உதட்டை மூடிவிடும். ப, ம இந்த இரண்டையும் தேடித்தான் எங்கள் பாதி ராத்திரி போகிறது. வேடருக்கு உதடே இல்லை. முகமூடி அசையாது. அப்படியானால் வேலை சுலபம் என்று நினைப்பீர்கள். எனக்கு அது நேர்மாறாகத் தெரிகிறது. உதடு இருந்தால் அதைப் பிடித்துக்கொண்டு போகலாம், கண் இருந்தால் கண் பாதி சொல்லிவிடும். இங்கே இருப்பது தலை ஒரு பக்கம் சாய்வது, ஒரு விரல் உயர்வது, ஒரு நடை. கோபம், ஏமாற்றம், பெருமை எல்லாவற்றையும் குரல்தான் கொண்டுவர வேண்டும். அதுவும் ஏற்ற இறக்கம் கூடாது. இவன் மனிதத் தன்மையை இழந்தவன், அதனால் பேச்சின் ஏற்ற இறக்கத்தை மிகக் குறுகிய அளவுக்குள் வைத்திருக்க வேண்டியிருந்தது என்று ஜோன்ஸ் விளக்கியிருக்கிறார். மேடையில் பழகிய நடிகருக்கு இது கையைக் கட்டிப்போட்டு நீந்தச் சொல்வது மாதிரி. கேட்டுப் பாருங்கள், அவர் பெரும்பாலும் கத்துவதில்லை. மிரட்டல் வரும் இடத்தில் குரல் இன்னும் தணியும்.

இரண்டாவது படத்தின் அந்தப் புகழ்பெற்ற இடம், நான்தான் உன் தந்தை என்று வேடர் கதாநாயகனிடம் சொல்வது. ரகசியம் வெளியே போகக்கூடாது என்று படப்பிடிப்பில் பிரௌஸுக்கு வேறு வசனம் கொடுத்திருந்தார்கள். உண்மையான வரி ஜோன்ஸ் கைக்குப் பதிவின்போதுதான் வந்தது. அதைப் படித்தவுடன், 'இவன் பொய் சொல்கிறான், இந்தப் பொய்யை எப்படி அடுத்துக் கொண்டுபோகப் போகிறார்கள்' என்றுதான் நினைத்தாராம். நான் புதிதாக வருபவர்களுக்கு இதை அடிக்கடி சொல்வேன். பொய் என்று நினைத்துக்கொண்டு அந்த வரியை அழுகையோ உருக்கமோ இல்லாமல், ஒரு தகவலைத் தருகிற மாதிரி வைத்தார். கேட்பவனுக்கு அதனாலேயே அது இடி மாதிரி இறங்கியது. அப்பா மகன் பாசத்தை முதலிலேயே அதில் ஏற்றியிருந்தால் காட்சி அங்கேயே இளகிப் போயிருக்கும்.

மெஷினா என்ற கேள்விக்கும் இதிலேயே பதில் இருக்கிறது. அந்த மூச்சுச் சத்தம் ஜோன்ஸுடையது அல்ல. ஒலி வடிவமைப்பாளர் பென் பர்ட், கடலில் முக்குளிப்பவர்கள் வாயில் வைத்துக்கொள்ளும் சுவாசக் கருவிக்குள் சின்ன மைக்கை வைத்துப் பதிவு செய்தது. வசனத்துக்கும் முகமூடிக்குள்ளிருந்து வருகிற தொனி கிடைக்க ஸ்டூடியோவில் கொஞ்சம் வேலை பார்த்திருக்கிறார்கள். ஆனால் அந்த அடிக்குரலும், வார்த்தைக்கு வார்த்தை தெளிவும், எங்கே நிறுத்துவது என்ற கணக்கும் அவர் சொந்தம். சிஎன்என் தொலைக்காட்சியின் பெயரை அறிவிக்கும் 'திஸ் இஸ் சிஎன்என்' என்ற மூன்று சொல்லிலும் அதே குரல்தான்.

'தி லயன் கிங்' கார்ட்டூன் படத்தின் சிங்க ராஜா முஃபாசா வேறு வகை வேலை. அங்கே முதலில் குரல், பிறகு படம். நடிகர் பேசியதைக் கேட்டு, அந்தப் பேச்சுக்கு ஏற்ப ஓவியர்கள் வரைவார்கள். டப்பிங்கில் நாம் ஒரு ஆளின் நிழலாக நடக்கிறோம் என்றால், இங்கே நம் நிழலை வைத்து ஆளை வரைகிறார்கள். 1994ல் வந்த அந்தப் படத்தில் முஃபாசா மகனைக் கண்டிக்கும் இரவுக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். கண்டிப்போடு ஆரம்பிக்கிற குரல், தானும் பயந்துபோனதை ஒத்துக்கொள்ளும் இடத்தில் இளகி, கொஞ்ச நேரத்தில் சிரிப்புக்குப் போய்விடுகிறது. வேடரில் பூட்டிவைத்த அத்தனையையும் இங்கே திறந்துவிட்டிருக்கிறார். 2019ல் அதே படத்தைப் புதிதாக எடுத்தபோது பழைய குரல் நடிகர்களில் திரும்பக் கூப்பிடப்பட்டவர் அவர் ஒருவர்தான். இன்னொன்று, 1988ல் 'கமிங் டு அமெரிக்கா' நகைச்சுவைப் படத்தில் அவர் அரசராகவும் மேட்ஜ் சின்க்ளேர் அரசியாகவும் நடித்தார்கள். முஃபாசாவின் ராணி சராபிக்குக் குரல் கொடுத்தவரும் அதே சின்க்ளேர்தான்.

அதே 1994ல் வெளியான 'கிளியர் அண்ட் பிரசன்ட் டேஞ்சர்' என்ற படத்தில் அட்மிரல் கிரீர் என்ற அதிகாரியாக வருகிறார். 'தி ஹன்ட் ஃபார் ரெட் அக்டோபர்' படத்தில் மேசைக்குப் பின்னால் அமர்ந்து உத்தரவு போட்ட அதே மனிதர், இங்கே புற்றுநோயோடு ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடக்கிறார். காட்டையே அதிரவைத்த சிங்கக் குரல்காரர், அதே வருடத்தில், மூச்சு போதாமல் வார்த்தையைச் சிக்கனமாகச் செலவு செய்யும் நோயாளியாகப் பேசுகிறார். ஆழம் அப்படியே இருக்கிறது, பின்னால் தள்ளுகிற காற்று இல்லை. கட்டைக் குரல் இருந்தால் போதும் என்று நம்புகிறவர்களை நான் இந்த இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்கச் சொல்வேன்.

மேடையில் அவருடைய உச்சம் என்று பலரும் சொல்வது, ஆகஸ்ட் வில்சன் எழுதிய 'ஃபென்சஸ்'. 1987ல் நியூயார்க்கின் நாடக மையமான பிராட்வேயில் டிராய் மாக்ஸன் என்ற குப்பை அள்ளும் தொழிலாளியாக நடித்து இரண்டாவது டோனி வாங்கினார். இளமையில் பேஸ்பால் வீரன், கறுப்பினத்தவன் என்பதால் பெரிய ஆட்டங்களில் இடம் கிடைக்காமல் போனவன். அவன் மகன் ஒரு கட்டத்தில், 'உங்களுக்கு என்னை ஏன் பிடிக்கவில்லை' என்று கேட்கிறான். பிடிக்க வேண்டும் என்று எந்தச் சட்டம் சொல்கிறது, உனக்குச் சோறு போடுவது என் கடமை, அதைச் செய்கிறேன் என்கிற அர்த்தத்தில் அப்பன் பொரிந்து தள்ளுகிறான். தன்னை விட்டுப்போன அப்பாவை இருபது வயதைத் தாண்டித்தான் சந்தித்தவர் ஜோன்ஸ். அந்த அனுபவம் இந்தக் காட்சிக்குள் வந்ததா என்று நான் சொல்ல முடியாது. ஆனால் அந்தக் காட்சியின் பதிவைப் பார்த்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

விருதுக் கணக்கில் ஒரு குழப்பம் அடிக்கடி வருகிறது. தொலைக்காட்சிக்கான எம்மி, ஒலிப்பதிவுக்கான கிராமி, ஆஸ்கர், டோனி நான்கும் வாங்கியவர் என்று சிலர் எழுதுவார்கள், சிலர் இல்லை என்பார்கள். டோனி போட்டியில் வென்றவை இரண்டு. 1991ல் ஒரே வருடத்தில் இரண்டு எம்மி, 'கேப்ரியல்ஸ் ஃபயர்' தொடருக்கும் 'ஹீட் வேவ்' தொலைக்காட்சிப் படத்துக்கும். 1977ல் பேச்சு ஒலிப்பதிவுக்கு ஒரு கிராமி. 2011ல் கிடைத்த ஆஸ்கர் மட்டும் கௌரவ விருது, போட்டியில் வென்றதல்ல. அதைச் சேர்ப்பதா வேண்டாமா என்பதில்தான் வித்தியாசம். என்னைக் கேட்டால் அந்த கௌரவ விருது வந்து சேர்ந்த விதம்தான் அழகு. அவர் அப்போது லண்டனில் 'டிரைவிங் மிஸ் டெய்ஸி' நாடகத்தில் நடித்துக்கொண்டிருந்தார். ஆட்டம் முடிந்த மேடையிலேயே, பார்வையாளர்கள் முன்னால், பென் கிங்ஸ்லி கொண்டுவந்து கொடுத்தார். 80 வயதில், வேலை செய்துகொண்டிருந்த இடத்தில். 2022ல் நியூயார்க்கில் கார்ட் அரங்கத்துக்கு அவர் பெயரை வைத்தார்கள். 2024 செப்டம்பர் 9 அன்று, 93 வயதில் காலமானார்.

இப்போது கேட்கும் வேடர் குரல் எல்லாமே அவர் பேசியது என்று நினைத்துவிடாதீர்கள். 2022ல் வந்த 'ஓபி-வான் கெனோபி' தொடருக்காக, ரெஸ்பீச்சர் என்ற உக்ரைன் நிறுவனம் அவருடைய பழைய பதிவுகளை வைத்து செயற்கை நுண்ணறிவு மூலம் இளமைக் குரலை உருவாக்கியது. அதற்கு அவர் சம்மதம் கொடுத்திருந்தார். 2025ல் ஃபோர்ட்நைட் என்ற வீடியோ விளையாட்டில், குடும்பத்தின் ஒப்புதலோடு, விளையாடுபவரோடு பேசுகிற வேடர் வந்தது. சங்கத்தோடு பேசாமல் குரல் கலைஞர் வேலையை மெஷினுக்குக் கொடுத்துவிட்டார்கள் என்று அமெரிக்க நடிகர் சங்கமான சாக்-ஆஃப்ட்ரா புகார் கொடுத்தது. ஜோன்ஸ் தன் குரலை என்ன செய்யலாம் என்று முடிவு செய்தது அவர் உரிமை, அதை மதிக்கிறேன். ஆனால் வேடருக்கு அடுத்துப் பேச வேண்டிய ஒரு புது ஆளின் நாற்காலி காலியாகாமலே போய்விட்டது என்பது எனக்கு வலிக்கிறது. உங்களை மாதிரி வரப்போகிறவர்கள் உட்கார வேண்டிய நாற்காலி அது.

இனி உங்கள் விஷயம். பல வருடம் முன்பு, கூட்டக் குரலுக்கு வந்த ஒரு பையனைப் பார்த்திருக்கிறேன். டீ இடைவேளையில் 'ப'வில் சிக்கிக்கொள்வான். ஒரு பன் கேட்பதற்குள் கடைக்காரர் அடுத்த ஆளுக்குக் கொடுத்துவிடுவார். அன்று விபத்துக் காட்சி. ஏழெட்டுப் பேர் மைக்கைச் சுற்றி நிற்கிறோம். இவனுக்குக் கிடைத்த வரி, 'பாத்து, பாத்து, வண்டி வருது!' முதல் எழுத்தே 'ப'. நான் பயந்து அவன் முகத்தைப் பார்த்தேன். திரையில் ஆள் கையைத் தூக்கினான், அந்தக் கையோடு சேர்ந்து இவன் குரலும் எழுந்தது. முதல் டேக்கிலேயே ஓகே. திரையில் இருந்தவனின் கை, இவனுக்கு எப்போது ஆரம்பிப்பது என்று சொல்லிவிட்டது. அடுத்த வாரம் போனில் அவன் திக்குவதைக் கேட்ட ஒருவர், ஆட்களைக் கூப்பிடும் பொறுப்பில் இருந்தவர், அதோடு அவனைக் கூப்பிடுவதை நிறுத்திவிட்டார். மைக்கில் அவன் பேசியதை அவர் கேட்டதே இல்லை. கேட்டிருந்த நானும் அன்று வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. அது இன்றைக்கும் உறுத்துகிறது. உங்களுக்கு இவ்வளவு நீளமாக எழுதுவதற்கு அதுவும் ஒரு காரணம்.

ஆகவே, முயற்சி செய்யலாம் என்பதே என் பதில். ஆனால் டப்பிங்கைத் திக்குக்கு மருந்தாக நினைத்து வராதீர்கள், அது மருந்து இல்லை. முதலில் ஒரு பேச்சுப் பயிற்சி நிபுணரைப் பாருங்கள். அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில் காது மூக்கு தொண்டைப் பிரிவில் கேட்டால் வழி சொல்வார்கள். மைசூரில் அகில இந்தியப் பேச்சு மற்றும் செவிப்புலன் நிறுவனம் இருக்கிறது, 1965ல் தொடங்கியது, இதற்கென்றே இருக்கும் இடம். அப்புறம், குரலைக் கட்டையாக்க முயற்சி செய்யாதீர்கள். ஜோன்ஸ் மாதிரி பேச வேண்டும் என்று தொண்டையை அழுத்திப் பேசி, குரல்நாண் வீங்கி, மாதக்கணக்கில் பேச்சே இல்லாமல் உட்கார்ந்தவர்களை எனக்குத் தெரியும். நம் படங்களில் கட்டைக் குரல் வேண்டியிருக்கும் பாத்திரம் பத்தில் ஒன்று. மளிகைக் கடைக்காரர், ஆட்டோ ஓட்டுபவர், அண்ணன், ஆபீஸ் கிளார்க் என்று மீதி எல்லாம் சாதாரணக் குரல்கள்தான்.

ஒரு சின்ன விவரம். டப்பிங் தியேட்டரில் ஹெட்போன் மாட்டும்போது நம் குரலே நமக்குத் திரும்பக் கேட்கும். அது ஒரு இம்மி தாமதமாக வந்தால் நன்றாகப் பேசுபவர்களே தடுமாறுவார்கள். அதே தாமதம் திக்குபவர்கள் சிலருக்குப் பேச்சைச் சரளமாக்குகிறது என்பதும் ஆராய்ந்து பார்த்த உண்மை. உங்களுக்கு எது வசதி என்று உங்களுக்குத்தான் தெரியும். ஒரு காதைத் திறந்து வைத்துக்கொள்வதா, சத்தத்தைக் குறைப்பதா, சவுண்ட் இன்ஜினியரிடம் கூச்சப்படாமல் கேளுங்கள். உங்களுக்குத் திக்கும் என்பதையும் முதல் நாளே சொல்லிவிடுங்கள். மறைத்துவைத்து அந்தப் பயத்தோடு நின்றால்தான் வார்த்தை இன்னும் சிக்கும்.

நேராக மைக்குக்கு வருவதற்கு முன் ஒரு நாடகக் குழுவில் சேருங்கள், அது தெருக்கூத்தாக இருந்தாலும் சரி, கல்லூரி நாடகமாக இருந்தாலும் சரி. ஜோன்ஸ் மைக் முன்னால் இரண்டரை மணி நேரம் நின்றதற்குப் பின்னால் இருபது வருட மேடை இருந்தது. இன்றைக்கே செய்யக்கூடியது ஒன்று உண்டு. பள்ளியில் மனப்பாடம் செய்த ஏதாவது ஒரு செய்யுள் இன்னும் நினைவில் இருக்கும். கதவைச் சாத்திவிட்டு அதைச் சத்தமாக, அர்த்தம் புரிகிற மாதிரி, ஒருவரிடம் சொல்வதாக நினைத்துச் சொல்லிப் போனில் பதிவு செய்யுங்கள். உடனே அதே செய்யுளின் கருத்தை உங்கள் சொந்த வார்த்தையில் பேசி இன்னொரு பதிவு. இரண்டையும் ஒரு நாள் கழித்துக் கேளுங்கள். எங்கே சிக்குகிறது, எங்கே சிக்கவில்லை என்று எழுதிவைத்துக்கொள்ளுங்கள். பயிற்சி நிபுணரைப் பார்க்கப் போகும்போது அந்தத் தாளையும் பதிவையும் கையோடு எடுத்துப் போங்கள்.